தாலிக்கொடி வேண்டாம், மஞ்சள் கயிறு போதும் எண்டு மதுரைப் பக்கம் சொல்லினம். இந்தியப் பெண்கள் அவ்வளவுக்கு மாறிட்டினமோ?

கோட்டையடிப் பிள்ளை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். தம்பி கட்டாரில வேலை. அங்க ஆஸ்பத்திரியில நேர்சா இருக்கிற மதுரைப் பிள்ளை ஒண்டைத்தான் கட்டுவன் எண்டு சொல்லிட்டான். அம்மாவுக்கு முதல்ல முகம் சுருங்கினதுதான். பிறகு வீடியோவில கதைச்சுக் கதைச்சு, இப்ப தம்பியை விட அந்தப் பிள்ளையோடதான் கதை கூட. பிள்ளையில ஒரு குறையும் இல்லை. கலியாணம் இங்க திருகோணமலையில. சிக்கலெல்லாம் சடங்கிலயும் வீட்டிலயும்தான்.

தாலி கோக்கிற பவுண் கொடி வேண்டாமாம். மஞ்சள் கயித்தில சின்னத் தாலி போதுமாம், மிச்சக் காசை ரெண்டு பேரின்ட கணக்கில போடட்டாம். தாலிக்குப் பொன் உருக்கிற சடங்கு, அதுதான் பொன்னுருக்கு, எண்டா என்ன எண்டே அவையளுக்குத் தெரியேல்ல. கட்டின பிறகும் அப்பான்ட முதலெழுத்தைத்தான் வைச்சிருப்பாவாம்.

இதுக்குள்ள அம்மா ஒருநாள் சும்மா வாய்விட்டு, "பொம்பிளைக்கு வீடு எங்க குடுக்கிறியள்" எண்டு கேட்டுட்டா. பிள்ளையின்ட அப்பா திகைச்சுப்போய், "கல்யாணம் ஆனா பொண்ணு மாப்பிள்ளை வீட்டுலதானம்மா இருக்கும்" எண்டார். அம்மா என்னைப் பார்க்கிறா, நான் அம்மாவைப் பார்க்கிறன். ரெண்டு பக்கமும் மற்றப் பக்கம் வீடு தரும் எண்டு இருந்திருக்கு. இருக்கப்போறதுகள் தோகாவில வாடகை வீட்டில!

சொந்தக்காரர் சொல்லினம் இந்தியாவில பெண்கள் கலாசாரத்தை விட்டுட்டினமாம். ரீவி நாடகத்தைப் பார்த்தா குசினிக்குள்ளயும் பட்டுச்சீலையோட நிக்கினம். எதை நம்புறது? தெரிஞ்ச ஆக்கள் சொல்லுங்கோ.

சாம்பல்தீவான் எழுதியது:

நான் போன வருசம் மகளின்ட கலியாணக் கூறைச்சீலை எடுக்கச் சென்னைக்குப் போனனான். தி. நகரில பொட்டில்லாத பிள்ளையள், ஜீன்ஸ், இரவு பத்து மணிக்கும் ஸ்கூட்டியில தனியப் போகுதுகள். கலியாணம் கட்டினதுகள் எண்டு கழுத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்கேலாது. இப்ப தாலி வேண்டாம், நாளைக்கு மாமி வேண்டாம். பிறகு என்னட்ட கேக்க வேண்டாம்.

உவர்மலை ரீச்சர் எழுதியது:

சாம்பல்தீவார், பிள்ளை தாலி வேண்டாம் எண்டு சொல்லேல்லை. கொடி வேண்டாம் எண்டுதான் சொல்லியிருக்குது. அது வேற, இது வேற.

தமிழ்நாட்டில பெரும்பாலும் மஞ்சள் கயித்தில சின்னத் தாலி கட்டி, பிறகு நல்ல நாள் பார்த்துப் பிரிச்சுக் கோர்த்துச் சங்கிலியில போடுவினம். குலத்துக்குக் குலம், ஊருக்கு ஊர் தாலியின்ட உருவமும் மாறும். ஒன்பது, பதினொண்டு எண்டு ஒற்றைப்படையில பவுண் பார்த்துக் கொடி போடுறது எங்கட பக்கத்து வழக்கம். இண்டைக்குப் பவுண் விக்கிற விலையில அந்தப் பிள்ளை கொடி வேண்டாம் எண்டதுக்கு உங்கட அம்மா கற்பூரம் கொளுத்தவேணும்.

பொன்னுருக்கும் அப்பிடித்தான். மாப்பிள்ளை வீட்டில ஆசாரியைக் கூப்பிட்டு, சபைக்கு முன்னால தாலிக்குப் பொன் உருக்குறது, அதுக்குப் பிறகு கலியாணம் மட்டும் பொம்பிளையும் மாப்பிள்ளையும் முகம் பார்க்கப்படாது எண்டுறது, இதெல்லாம் மதுரையில போய்க் கேட்டா முழிப்பினம். அவையள் ஒண்டையும் விடேல்லை. விடுறதுக்கு இது அவையளிட்ட இருக்கவே இல்லை.

விட்டது ஆர் எண்டு பார்த்தா நாங்கள்தான். போன மாசம் என்னட்டப் படிச்ச பிள்ளை ஒண்டின்ட கலியாணம். பாலும் அறுகம்புல்லும் தலையில வைச்சுத் தோய வார்க்கிறதைக் காலமை பத்து நிமிசத்தில முடிச்சுப்போட்டு, முதல்நாள் பின்னேரம் எல்லாரும் மஞ்சள் உடுப்பில வட இந்தியாக்காரர் மாதிரி ஹல்தி எண்டு ஆடிச்சினம். கையில மெஹந்தி, மேல லெஹங்கா. அதுக்கு ஒரு மாமாவும் கலாசாரம் போச்சு எண்டு சொல்லேல்லை. படம் நல்லா வந்திருக்கு எண்டுதான் சொன்னவை.

வைகைக்கரை எழுதியது:

வணக்கங்க. நான் மதுரைதான். எங்க ஊர்ப் பொண்ணைப் பத்தி ஓடுதேன்னு உள்ள வந்தேன்.

முதல்ல அண்ணனுக்கு. ராத்திரி பத்து மணிக்கு ஸ்கூட்டியில போற பொண்ணு வேலை முடிஞ்சு வீட்டுக்குப் போகுதுண்ணே. வேற ஒண்ணும் இல்ல.

நாடகத்துல வர்ற பட்டுச்சேலையும் நெசமில்ல. காலையில எங்க தெருவுல வந்து பாருங்க, நைட்டி மேல துண்டைப் போட்டுக்கிட்டுத் தண்ணி பிடிப்போம். கோலம் போடுவோம், மார்கழியில பெருசா. அபார்ட்மெண்ட்டா இருந்தா ஸ்டிக்கர் கோலம். கோயிலுக்கும் போவோம்.

உண்மையில என்ன மாறிச்சுன்னா, தாலிக்கே ஒரு கதை சொல்றேன். எங்க அரசாங்கம் 1989லேர்ந்து ஏழைப் பொண்ணுங்க கல்யாணத்துக்குப் பணம் கொடுத்துட்டு இருந்துச்சு. தேவதாசி முறையை எதிர்த்துப் போராடுன மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் பேர்ல. 2011ல அதோட தாலிக்கு 4 கிராம் தங்கமும் சேர்த்தாங்க, 2016ல அது 8 கிராம் ஆச்சு. பொண்ணு பத்தாவது வரைக்கும் படிச்சிருக்கணும்னு நிபந்தனை. அந்தத் தங்கத்துக்காகவே பத்தாவது முடிக்கட்டும்னு பள்ளிக்கூடம் அனுப்புன வீடுங்க எங்க தெருவுலயே உண்டு. 2022ல அந்தத் திட்டத்தையே மாத்திட்டாங்க. இப்ப அரசுப் பள்ளியில படிச்ச பொண்ணு காலேஜோ டிப்ளமோவோ சேர்ந்தா, முடிக்கிற வரைக்கும் மாசம் 1,000 ரூபா அது கணக்குக்கே வருது. புதுமைப்பெண்ணுன்னு பேரு. தாலித் தங்கத்தை நிறுத்திட்டாங்களேன்னு எங்க அத்தை இன்னமும் புலம்புது. அத்தையோட பேத்தி அந்த 1,000 ரூபாய வாங்கித்தான் நர்சிங் படிக்குது.

அதனால உங்க வீட்டுக்கு வர்ற பொண்ணு "தங்கம் வேணாம், கணக்குல போடுங்க"ன்னு சொன்னது ஒண்ணும் அதிசயமில்லைங்க.

மண்டபம்90 எழுதியது:

நான் குச்சவெளி. 90இல சண்டைக்குள்ள வள்ளத்தில தமிழ்நாட்டுக்குப் போய், மண்டபம் அகதி முகாமில பதிஞ்சு, பிறகு வேற மாவட்டத்து முகாமில வளர்ந்து, கலியாணமும் அங்கயே கட்டித் திரும்பி வந்தவள். ரெண்டு பக்கத்துப் பேச்சும் வாயில வரும், மன்னிச்சுக்கொள்ளுங்கோ.

முகாமுக்கு வெளியில நாங்கள் வேலைக்குப் போன வீடுகளில ஒரு விசயம் எனக்குக் கடைசிவரை பிடிபடவே இல்லை. பொம்பிளைப் பிள்ளையை வளர்த்து, நகை போட்டு, சாமான் குடுத்து, ஆரோ ஒருத்தரின்ட வீட்டுக்கு அனுப்பிவிடுவினம். அங்க மாமி ஓம் எண்டாத்தான் தாயைப் பார்க்க வரலாம். எங்கட அம்மா அதைப் பார்த்திட்டு, "அந்தப் பிள்ளை கோவிச்சுக்கொண்டு எங்க போகும்?" எண்டு கேப்பா. இங்க சண்டை வந்தா வெளிக்கிடுறது மாப்பிள்ளைதானே. வீடு பொம்பிளையின்டது.

அதேநேரம் அங்க பார்த்த நல்லதையும் சொல்லவேணும். மகளிர் சுயஉதவிக் குழுவில கையெழுத்துப் போடத் தெரியாத அம்மாமார் கூட வங்கி மனேசருக்கு முன்னால கதிரையைப் போட்டு இருந்து கதைச்சதைக் கண்டனான். 2021இலயிருந்து சாதாரண ரவுன் பஸ்ஸில பெண்களுக்குக் காசில்லை. என்ட மச்சாள் அங்கதான் இன்னும் இருக்கிறா. முந்தி சந்தைக்குப் போறதெண்டாலே புருசனிட்டச் சில்லறை கேக்கவேணும் எண்டவ, இப்ப கேக்கிறேல்லை எண்டா. பட்டுச்சீலையையும் ஜீன்சையும் பார்த்துக்கொண்டிருக்கிற ஆக்களுக்கு இது கண்ணில படாது.

ஸ்காபரோ கோணேசன் எழுதியது:

வீடு மாப்பிள்ளைக்கும் இல்லை, பொம்பிளைக்கும் இல்லை, வங்கிக்குத்தான். கனடாவுக்கு வாங்கோ, இந்தப் பிரச்சினையே வராது 😀

கிண்ணியாக்காரி எழுதியது:

எங்கட முஸ்லிம் ஆக்கள்லயும் வீடு பொம்புளப் புள்ளைக்குத்தான். உம்மாட வளவுக்குள்ளயே மகளுக்குக் கட்டிக் குடுப்பாங்க, மாப்புள வந்து இருப்பார். அதால வாப்பாமார் புள்ள பொறந்த நாள்லயிருந்து கல்லும் சீமெந்துமா நிக்கிற கதை வேற. மூணு பொம்புளப் புள்ள உள்ள மீன்காரர் மூணு வீடு கட்டோணும். அதைப் பெருமையாச் சொல்ல எனக்கு வாய் வரல்ல. குடுக்காட்டி மாப்புள இல்ல, அதுதான் நிலமை. வெளிநாட்டுக்கு வீட்டு வேலைக்குப் போன பொம்புளைகள் எத்தன பேர் மகள்ட வீட்டுக்காகப் போனவங்க எண்டு நம்மட ஊர்ல கேட்டுப் பாருங்க.

இன்னொண்டு. இந்தியா இந்தியா எண்டு ஒரே கட்டாச் சொல்றீங்க. காயல்பட்டணம், கீழக்கரை முஸ்லிம்கள்ட்டயும் கலியாணத்துக்குப் பிறகு பொண்ணு உம்மா வீட்டிலதான், மாப்புளதான் வருவார். அதுவும் தமிழ்நாடுதானே. மேகாலயாவில காசி எண்ட பழங்குடி ஆக்கள் கடைசி மகளுக்குத்தான் குடும்பச் சொத்துக் குடுக்கிறது. கேரளாவில நாயர்மார்ட தாய்வழிக் கூட்டுக்குடும்பத்த 1975ல சட்டம் போட்டே கலைச்சாங்க. அங்க பொம்புளைகள் மாறின திசை வேற, மதுரையில மாறின திசை வேற.

சட்டத்தில அவங்க எங்களுக்கு முந்திட்டாங்க எண்டும் சொல்லோணும். முத்தலாக் சொல்லித் தள்ளிவிடுறத 2019ல குற்றமாக்கிட்டாங்க. அந்தச் சட்டத்தப் பத்தி அங்கயே ஆயிரம் சண்டை, அது தெரியும். இங்க 1951ஆம் ஆண்டு முஸ்லிம் விவாகச் சட்டத்தின்படி எழுதின என்ட நிக்காஹ்ப் பதிவில வாப்பாட கையெழுத்து இருக்கு, மாப்புளட கையெழுத்து இருக்கு. என்ட கையெழுத்து இல்ல.

நொத்தாரிசு ஐயா எழுதியது:

வீட்டுக் கதையில சட்டம் தெரியாமல் நிற்கிறீர்கள். கேளுங்கள்.

இந்தியாவில் 1956இன் இந்து வாரிசுரிமைச் சட்டம் பூர்வீகக் கூட்டுச் சொத்தில் மகனுக்குப் பிறப்பிலேயே பங்கு கொடுத்தது, மகளுக்குக் கொடுக்கவில்லை. தமிழ்நாடு 1989இல் திருத்தியது. ஆனால் அதற்கு முன்பே திருமணமான பெண்களுக்கு அது இல்லை. 2005இல் மத்திய திருத்தம் வந்து, கட்டினவளோ கட்டாதவளோ, மகளும் மகனும் சமம் என்றது. 2005இல் தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற இழுபறியை 2020இல் உச்ச நீதிமன்றம் முடித்து வைத்தது. இருந்திருக்கத் தேவையில்லை.

நமக்கு வேறு கதை. தேசவழமை என்ற வழக்காற்றுச் சட்டம் வடக்குத் தமிழருக்குரியது. அதன்படி மனைவி தன்னுடைய சீதனக் காணியை விற்பதற்கும் புருசனின் எழுத்து மூலச் சம்மதம் வேண்டும். திருகோணமலையில் நமக்குப் பொதுச் சட்டம். உயில் இல்லாமல் இறந்தால் 1876இன் சட்டப்படி வாழ்க்கைத் துணைக்குப் பாதி, மிச்சம் பிள்ளைகளுக்குச் சமபங்கு. ஆண் பெண் பேதமில்லை. 1923இலிருந்து மணமான பெண் தன் சொத்தைத் தானே விற்கலாம். சீதனத்தை இந்தியா 1961இல் தடை செய்தது. இங்கே அப்படித் தடை இல்லை.

இனி முக்கியமானது. மருமகள் இந்தியப் பிரசை. 2014இன் 38ஆம் இலக்கக் காணிச் சட்டத்தால் வெளிநாட்டவர் பெயருக்கு இங்கே காணி மாற்ற முடியாது. விதிவிலக்குகள் உண்டு, அவை சிலவே. மறுபக்கம், இலங்கைப் பிரசையான உங்கள் தம்பி இந்தியாவில் ரிசர்வ் வங்கியின் முன் அனுமதி இல்லாமல் வீடு வளவு வாங்க முடியாது, ஐந்து வருடத்துக்கு மேற்படாத குத்தகை தவிர. ஆகவே நம் வழக்கப்படி பொம்பிளை பெயரில் வீடு எழுத வேண்டுமானால் அதை மதுரையில், அவளுடைய தகப்பன்தான் எழுதலாம். இங்கே நான் எழுதித் தர மாட்டேன்.

வைகைக்கரை எழுதியது:

ஐயா சட்டம் சரியாச் சொன்னீங்க. நடப்பையும் சேர்த்துக்கோங்க. அப்பா காரியம் முடிஞ்சதும் அண்ணன் தம்பிங்க, எனக்குப் பங்கு வேணாம்னு எழுதித் தர்ற விடுதலைப் பத்திரத்தோட வருவாங்க. "உனக்குத்தான் அப்பவே நகை போட்டாச்சே"ம்பாங்க. கையெழுத்துப் போடலைன்னா அப்புறம் தாய்மாமன் சீர் வராது, தீபாவளிக்குக் கூப்பிட மாட்டாங்க. பெரும்பாலான பொண்ணுங்க போட்டுக் கொடுத்துடுவாங்க. நானும் எங்க அக்காவும் போடல. எங்க அண்ணன் இன்னும் பேசல. பரவாயில்ல.

ஜீன்ஸ் போட்டப்போ அண்ணனுக்கு ஒண்ணும் கோவம் வரலைங்க. தாசில்தார் ஆபீசுக்கு நாங்களே போய் நின்னப்பதான் வந்துச்சு.

கோட்டையடிப் பிள்ளை எழுதியது:

நொத்தாரிசு ஐயாவுக்கு நன்றி. அம்மாவுக்கு வாசிச்சுக் காட்டினன். "அப்ப ரெண்டு பேரும் தோகாவிலேயே கிடக்கட்டும்" எண்டு சிரிச்சா. வீட்டுக் கதை அதோட முடிஞ்சுது.

ஆனா நான் முதல்ல எழுதாத ஒண்டு இருக்கு. அப்பா இல்லை. நாங்கள் சின்னனா இருக்கேக்கயே. அம்மா இப்ப நிறச் சீலை உடுப்பா, வேலைக்குப் போய்த்தான் எங்களை வளர்த்தவ. எண்டாலும் சடங்கெண்டு வந்தா தானாவே பின்னுக்குப் போயிடுவா. என்ட சாமத்தியச் சடங்கில தண்ணி வார்க்கேல்ல, என்ட கலியாணத்தில ஆராத்தி எடுக்கேல்ல, மண்டபத்துக் குசினியில நிண்டா. இப்ப தம்பியின்ட பொன்னுருக்குக்கும் பெரியம்மாவைக் கேட்டு வைச்சிட்டா.

அந்தப் பிள்ளை இதை எப்பிடியோ அறிஞ்சு தம்பியிட்டச் சொல்லியிருக்குது: தாலியை எடுத்துக் குடுக்கிறது அத்தைதான், இல்லாட்டி நான் மணவறையில இருக்கமாட்டன். கொடி, முதலெழுத்து எல்லாத்துக்கும் இறங்கி வருவன், இதுக்கு வரமாட்டன் எண்டுதாம். அம்மா நாலு நாளா அந்தப் பிள்ளையின்ட போன் கோலை எடுக்கிறேல்லை. "தெரியாத பிள்ளை, பிறகு ஏதும் நடந்தா என்னைத்தான் சொல்லுவினம்" எண்டுறா.

மண்டபம்90 எழுதியது:

உங்கட அம்மா இருக்கிற வீடு ஆருடையது? அவவின்ட சீதன வீடுதானே? வீட்டு உறுதிப் பத்திரம் அவவின்ட பேரில. பந்தல் போடுறது அவவின்ட முத்தத்தில, செலவு அவவின்ட காசு. முன்னுக்கு நிக்க மட்டும் பெரியம்மா. இதை யோசிச்சுப் பார்க்க எனக்கே இப்பதான் விசர் வருது. தமிழ்நாட்டுக்காரிக்கு வீடில்லை எண்டு மேல பெரிசா எழுதினவள் நான்.

வைகைக்கரை எழுதியது:

அந்தப் பொண்ணுக்கு என் சார்புல ஒரு வணக்கம் சொல்லிடுங்க. ஆனா இந்தியாவுல எல்லாரும் இப்படின்னு எடுத்துக்காதீங்க. எங்க ஊர்லயும் வளைகாப்புல ஓரமாத்தான் நிக்க வைக்கிறாங்க. மகாராஷ்டிராவுல கோலாப்பூர் மாவட்டத்துல ஹேர்வாட்னு ஒரு கிராமம். 2022 மே மாசம் அந்த ஊர்ப் பஞ்சாயத்துல, புருசன் செத்தா வளையலை உடைக்கிறது, குங்குமத்தை அழிக்கிறது, தாலியை அறுக்கிறது எதுவும் இனிமே கூடாதுன்னு தீர்மானம் போட்டாங்க. அப்புறம் மாநில அரசே மத்த ஊர்களையும் அதே மாதிரி செய்யச் சொல்லிச்சு. தீர்மானம் போட்டுத் தடுக்கிற அளவுக்கு அது இன்னமும் நடக்குதுன்னுதானே அர்த்தம்.

சடங்கையே சுருக்கணும்னா எங்ககிட்ட அதுக்கும் வழி இருக்கு. 1967ல அண்ணா முதலமைச்சரா இருந்தப்போ சுயமரியாதைத் திருமணத்தைச் சட்டமாக்கினாங்க. மாலை மாத்திக்கிட்டாப் போதும், இல்லைன்னா மோதிரம், இல்லைன்னா தாலி. ஐயர் கட்டாயமில்ல. அந்த மேடையில யாரு ஓரமா நிக்கணும்னு யாரும் சொல்ல முடியாது.

சாம்பல்தீவான் எழுதியது:

ஐயர் இல்லாமல் கலியாணமோ, அதுவும் கோணேசர் மண்ணில. அது வேண்டாம்.

தாயைப் பின்னுக்கு வைக்கிறதைப் பற்றி நான் ஒண்டும் சொல்ல வரேல்லை. என்ட தங்கச்சியும் அப்பிடித்தான். 90இல அவளின்ட மனிசன் போனது. என்ட மகளின்ட கூறையைத் தெரிஞ்சதே அவள்தான், தி. நகரில என்னோட வந்து கடை கடையா ஏறினவள். கலியாணத்தண்டு காலமை தலையிடி எண்டு வீட்டில படுத்திட்டாள். தலையிடி இல்லை எண்டு எனக்குத் தெரியும். நான் போய்க் கூப்பிடேல்லை.

உவர்மலை ரீச்சர் எழுதியது:

பிள்ளை, அம்மாவைக் கட்டாயப்படுத்தாதேங்கோ. அவவுக்குப் பயம் சாத்திரத்தில இல்லை, சனத்தின்ட வாயில. வாற பிள்ளைக்கு நாளைக்கு ஒரு காய்ச்சல் வந்தாலும் "அண்டைக்கே சொன்னனாங்கள்" எண்டு சொல்ல ஆக்கள் இருக்கினம். அதுக்குப் பயப்பிடுறா. அதால முதல்ல பெரியம்மாவோட கதையுங்கோ. முன்னுக்கு நிக்கிற மனிசியே "வா தங்கச்சி, ரெண்டு பேருமாத் தட்டத்தைப் பிடிப்பம்" எண்டு கூப்பிட்டா ஒருத்தரும் வாய் திறக்கேலாது. என்னோட படிப்பிச்ச ஒரு ரீச்சரின்ட மகனின்ட கலியாணத்தில இப்பிடித்தான் செய்தது. ஐயரிட்டயும் முன்கூட்டியே சொல்லி வையுங்கோ. அண்டைக்கு மணவறையில வைச்சுக் கேட்டா எந்த ஐயரும் சபையைத்தான் பார்ப்பார். தனியக் கேட்டா அநேகமாக ஓம் எண்டுவினம்.

மற்றது, எங்கட ஊர்ப் பள்ளிக்கூடங்கள், கச்சேரி எண்ட அரச அலுவலகம், வங்கி எல்லாத்திலயும் இப்பிடித் தனிய நிண்டு பிள்ளையளை ஆளாக்கின தாய்மார் எத்தினை பேர். சண்டை முடிஞ்சு இவ்வளவு காலமாகியும் அவையள் மண்டபத்துக் குசினியில நிக்கிறதெண்டால், மதுரைப் பிள்ளைதான் வந்து கேக்கவேண்டிக் கிடக்கு.

கிண்ணியாக்காரி எழுதியது:

ரீச்சர் சொன்னதுதான் சரி. பெரியம்மாவப் புடிங்க. அதோட உம்மாட கோபம் ஆறும் வரைக்கும் அந்தப் புள்ளைய எடுக்கச் சொல்லாதீங்க, நீங்க எடுங்க. மாமியாரும் மருமகளும் கலியாணத்துக்கு முந்தியே பேசாம இருந்தா நல்லால்ல.

கோட்டையடிப் பிள்ளை எழுதியது:

பெரியம்மாவிட்டப் போனன். அவ ரெண்டு வார்த்தையில முடிச்சிட்டா: "நானோ மாட்டன் எண்டனான்? உன்ட கொம்மாதான் என்னைக் கேட்டவ." அம்மா இன்னும் ஓம் எண்டு சொல்லேல்ல, மாட்டன் எண்டும் சொல்லேல்ல. ஆனா பிள்ளையின்ட கோலை எடுத்திட்டா. கதைச்சது முழுக்க தி. நகரில எந்தக் கடையில கூறை எடுக்கிறதெண்டு.

பொன்னுருக்கு வைக்கிறதெண்டு முடிவு. பிள்ளைக்கு வீடியோவில காட்டவேணுமாம், முகம் பார்க்கப்படாது எண்டதுக்கு "அத்தை, நான் கேமராவை ஆஃப் பண்ணிக்கிறேன், நான் மட்டும் பாக்குறேன்" எண்டாம். கொடிக்கு ரெண்டு பக்கமும் இறங்கி வந்து ஐஞ்சு பவுணில நிக்குது. ரீச்சர், நல்ல ஆசாரி ஆரும் தெரிஞ்சா தனி மடலில போடுங்கோ.

சாம்பல்தீவான் எழுதியது:

ஐஞ்சு பவுணோ! ஏழு பவுணாவது போடுங்கோ பிள்ளை. ஆசாரி எனக்குத் தெரிஞ்ச ஆள் ஒருத்தர் நிலாவெளி ரோட்டில இருக்கிறார், கூலி நியாயம். என்ட பேரைச் சொல்லுங்கோ.